ஒன்றாம் எண் சட்டை

கனடாவின் எட்மண்டனுக்கு வந்த முதல் குளிர்காலத்தில் ஒரு சரக்குக் கிடங்கில் வேலை பார்த்தேன். அங்கே எனக்கு மேற்பார்வையாளராக இருந்தவர் உக்ரேனிய வம்சாவளிப் பெரியவர் ஒருவர். ஒருநாள் மதிய இடைவேளையில் ஒரு பழைய தோல் பந்தைக் கொண்டுவந்தார். இரு முனையும் கூர்த்து, உரிக்காத தேங்காய் அளவில் இருந்தது. விரல் நுனிகளைப் பந்தின் தையல்மேல் வைத்து, காதுக்குப் பின்னால் கொண்டுபோய், கட்டைவிரல் கீழ்நோக்கித் திரும்பி முடியும்படி கையை வீசினார். பந்து தன் அச்சிலேயே பம்பரம்போலச் சுழன்றபடி, கொஞ்சமும் ஆடாமல் போய், கிடங்கின் மறுகோடியில் அடுக்கியிருந்த அட்டைப்பெட்டிகளில் 'டப்' என்று மோதியது.

"இது என் கை. வாரன் மூன் எறிந்தால் எப்படி இருக்கும் தெரியுமா? மைனஸ் 20 குளிரில், விரல் மரத்துப்போகிற நேரத்தில், இதே மாதிரி ஆடாமல் போகும். நான் நேரில் பார்த்திருக்கிறேன்" என்றார்.

அந்தப் பெயரை அன்றுதான் முதன்முதலாகக் கேட்டேன். அதற்குப் பிறகு அமெரிக்கக் கால்பந்து வீரரான வாரன் மூனைப் பற்றி எது கிடைத்தாலும் படித்தேன், பழைய ஆட்டங்களின் பதிவுகளைத் தேடித் தேடிப் பார்த்தேன். இவ்வளவு நாள் மனதில் வைத்திருந்ததை இன்று எழுதிவிடுகிறேன்.

அமெரிக்கக் கால்பந்து பார்க்காதவர்களுக்குக் கொஞ்சம் விளக்கம் தேவைப்படும். ஒரு பக்கத்துக்கு 11 பேர். நான்கு முயற்சிக்குள் 10 யார்டு முன்னேறினால் மறுபடியும் நான்கு முயற்சி கிடைக்கும். முன்னேறாவிட்டால் பந்து எதிரணிக்குப் போகும். அநேகமாக ஒவ்வொரு முயற்சியும் குவார்ட்டர்பேக் கையில்தான் தொடங்குகிறது. திட்டத்தைச் சக வீரர்களிடம் சொல்பவர் அவர். எதிரணி நிற்கும் விதத்தைப் பார்த்து, கடைசி நொடியில் திட்டத்தை மாற்றிக் கத்துபவரும் அவரே. பந்து கைக்கு வந்தபின் அவருக்குக் கிடைப்பது ஏறத்தாழ மூன்று விநாடி. 120 கிலோ ஆட்கள் தன்னை மண்ணில் அமுக்கப் பாய்ந்துவருவார்கள். அந்த நேரத்தில் தன் ஆட்கள் நாலைந்து பேர் ஓடும் பாதைகளைக் கண்ணால் அளந்து, ஆள் இன்னும் போய்ச்சேராத ஓரிடத்துக்குப் பந்தை அனுப்ப வேண்டும். ஆளும் பந்தும் ஒரே சமயத்தில் அங்கே சேர வேண்டும்.

இந்த இடத்துக்குக் கறுப்பின இளைஞர்கள் சரிப்பட மாட்டார்கள் என்று அமெரிக்காவில் பல பத்தாண்டுகளாக நம்பினார்கள். ஓடச் சொல்லலாம், பிடிக்கச் சொல்லலாம், மோதச் சொல்லலாம், ஆனால் யோசிப்பதும் தலைமை தாங்குவதும் வேறு ஆட்களின் வேலை என்பது அந்த நம்பிக்கை. பள்ளியிலும் கல்லூரியிலும் குவார்ட்டர்பேக்காக ஆடியவனைக் கூப்பிட்டு, பந்து பிடிக்கும் ரிசீவராக மாறு, இல்லையென்றால் தற்காப்பு வரிசைக்குப் போ என்பார்கள். மார்லின் பிரிஸ்கோ என்பவர் 1968இல் டென்வர் அணியில் குவார்ட்டர்பேக்காக இறங்கி, முதல் வருடத்திலேயே 14 டச்டவுன் எறிந்தார் (எதிரணியின் கடைசிக் கோட்டைத் தாண்டிப் பந்தைச் சேர்ப்பதுதான் டச்டவுன்). அடுத்த வருடம் அவருக்கு அங்கே அந்த இடம் இல்லை. பஃபலோவுக்குப் போய் ரிசீவராக ஆடினார். நன்றாகவே ஆடினார். அவர் எறிந்திருக்க வேண்டிய பந்துகளை நினைத்தால் எனக்கு இன்றும் மனசு ஆறுவதில்லை.

மூன் பிறந்தது 1956 நவம்பர் 18, லாஸ் ஏஞ்சலஸில். ஏழு பிள்ளைகளில் அவர் ஒருவர்தான் ஆண். ஏழு வயதில் அப்பா இறந்துவிட்டார். அம்மா நர்ஸ் வேலை பார்த்துக் குடும்பத்தைக் கரையேற்றினார். சமைப்பது, துணி தைப்பது, இஸ்திரி போடுவது எல்லாம் சிறுவயதிலேயே மூனுக்குக் கைவந்தன. வீட்டுக்குப் பணம் தேவைப்பட்டதால் வருடம் முழுவதும் விளையாடிக்கொண்டிருக்க முடியாது. ஒரு விளையாட்டை மட்டும் வைத்துக்கொண்டு மற்ற மாதங்களில் வேலைக்குப் போக வேண்டும். தான் எறியும் பந்துதான் கூட இருக்கிற பையன்கள் எல்லாருடைய பந்தையும்விடத் தூரமாகவும் நேராகவும் போகிறது என்று தெரிந்துகொண்டு, கால்பந்தைத் தேர்ந்தெடுத்தார்.

பள்ளி முடிந்ததும் சில பல்கலைக்கழகங்கள் அவரைக் கேட்டன, ஆனால் வேறு இடத்தில் ஆடுவதற்கு. அவர் சம்மதிக்கவில்லை. உள்ளூரில் ஓர் இரண்டாண்டுக் கல்லூரியில் சேர்ந்து, தான் விரும்பிய இடத்திலேயே ஆடிக் காட்டினார். 1975இல் சியாட்டிலில் உள்ள வாஷிங்டன் பல்கலைக்கழகம் அவரைக் குவார்ட்டர்பேக்காகவே எடுத்துக்கொண்டது. டான் ஜேம்ஸ் அங்கே அப்போதுதான் பயிற்சியாளராகப் பொறுப்பேற்றிருந்தார். அணி தடுமாறியது. சொந்த மைதானத்தில், சொந்த அணியின் ரசிகர்களே மூனைப் பார்த்துக் கூச்சல் போட்டார்கள். ஜேம்ஸ் அவரை மாற்றவில்லை. 1977 பருவத்தில் முதல் நான்கு ஆட்டங்களில் மூன்று தோல்வி. அதன்பின் அந்த அணி எழுந்து நின்று, 1978 ஜனவரி 2 அன்று ரோஸ் பவுல் என்ற புகழ்பெற்ற கல்லூரி ஆட்டத்தில் மிச்சிகனை 27-20 என்று வென்றது. ஆட்டநாயகன் மூன். கூச்சல் போட்ட அதே ஊர் அன்று அவரைக் கொண்டாடியது.

இவ்வளவுக்குப் பிறகும் தொழில்முறை லீகான என்எஃப்எல்லில் அவருக்கு இடம் உறுதியாகவில்லை. அந்த லீகின் அணிகள் கல்லூரி வீரர்களைச் சுற்றுச் சுற்றாகப் பொறுக்கி எடுப்பதற்கு டிராஃப்ட் என்று பெயர். 1978இல் 12 சுற்றுகள், 300க்கும் மேற்பட்ட தேர்வுகள். பின்சுற்றில் எடுக்கலாம், இடம் மாறச் சம்மதமா என்கிற மாதிரியான பேச்சுகளே அவர் காதுக்கு வந்தன. அவர் காத்திருக்கவில்லை. டிராஃப்ட்டுக்கு முன்பே கனடாவின் எட்மண்டன் அணியில் கையெழுத்துப் போட்டார். டிராஃப்ட்டில் அவர் பெயரை யாரும் சொல்லவில்லை. இங்கே ஒரு விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். அதே வருடம் டக் வில்லியம்ஸ் என்ற கறுப்பினக் குவார்ட்டர்பேக்கை டாம்பா பே அணி முதல் சுற்றிலேயே எடுத்தது. கதவு முழுக்கச் சாத்தியிருக்கவில்லை, ஒருக்களித்துத் திறந்திருந்தது. அந்த இடுக்கில் நுழைந்துபோக ஒருவருக்குத்தான் இடம் என்பதுபோல அன்றைய நிலைமை.

நான் ஊரில் 11 வருடம் பாலங்களுக்கு வடிவமைப்புக் கணக்குப் போட்டவன். இந்த நாட்டில் நேர்காணலுக்குப் போன இடங்களில் யாரும் என்னிடம் கடுமையாகப் பேசவில்லை. "உள்ளூர் அனுபவம் இல்லையே, வேறு ஏதாவது வேலையில் தொடங்கிப் பாருங்களேன்" என்று நல்ல மனசோடுதான் சொன்னார்கள். வீட்டில் இரண்டு சின்னக் குழந்தைகள். நான் மாறிக்கொண்டேன். இடத்தை மாற்றிக்கொள் என்ற குரல் எவ்வளவு இதமாக, நம் நன்மைக்காகவே சொல்வதுபோல வரும் என்று எனக்குத் தெரியும். 21 வயதில், பின்னால் அம்மாவும் ஆறு சகோதரிகளும் இருக்க, அந்தக் குரலிடம் முடியாது என்று சொல்லிவிட்டு, முன்பின் தெரியாத ஒரு பனி ஊருக்கு வண்டியேறியவரை நான் ஏன் இவ்வளவு மதிக்கிறேன் என்பதற்கு இதைவிட வேறு காரணம் தேட வேண்டியதில்லை.

கனடிய ஆட்டம் சற்று வேறு. நான்குக்குப் பதில் மூன்றே முயற்சி. மைதானம் 110 யார்டு நீளம், அகலமும் அதிகம், ஒரு பக்கத்துக்கு 12 பேர். முயற்சி குறைவு என்பதால் பந்தை எறிந்தே முன்னேற வேண்டும். மூனின் கைக்கென்றே அளவெடுத்துத் தைத்த ஆட்டம். காமன்வெல்த் விளையாட்டுகளுக்காகக் கட்டிய மைதானம் எட்மண்டனில் திறந்ததும் அவர் வந்த அதே 1978இல்தான். இன்றும் அணி அங்கேதான் ஆடுகிறது. அக்டோபர் மாலையில், கம்பளித் தொப்பிக்குள் காது வலிக்க, அந்தப் படிகளில் நான் பல தடவை உட்கார்ந்திருக்கிறேன்.

ஹியூ கேம்ப்பெல் என்ற பயிற்சியாளர் அவரை அவசரப்படுத்தவில்லை. டாம் வில்கின்சன் என்ற அனுபவசாலியோடு இடத்தைப் பகிர்ந்துகொண்டு கற்றார் மூன். 1978 முதல் 1982 வரை ஐந்து வருடமும் தொடர்ந்து கிரே கோப்பை எட்மண்டனுக்கே வந்தது. கனடாவில் அதற்குமேல் ஒரு கோப்பை கிடையாது. இந்த ஐந்தில் பெரியவர் ஓயாமல் சொல்லுவது 1981ஆம் வருட இறுதியாட்டத்தை.

அந்தப் பருவம் முழுவதும் எட்மண்டன் தோற்றது ஒரே ஓர் ஆட்டம். எதிரணியான ஒட்டாவா ஐந்தே ஆட்டம் வென்று எப்படியோ இறுதிக்கு வந்திருந்தது. மான்ட்ரியல் ஒலிம்பிக் மைதானம். முதல் பாதி முடிந்தபோது ஒட்டாவா 20, எட்மண்டன் 1. மூன் எறிந்த எதுவும் எடுபடவில்லை. அவரை வெளியே உட்காரவைத்து வில்கின்சனை இறக்கினார்கள். கோட்டுக்கு வெளியே தலைக்கவசத்தைக் கையில் பிடித்துக்கொண்டு நிற்கிற 25 வயதுக்காரரின் மனசில் என்ன ஓடியிருக்கும்? இரண்டாம் பாதியில் மறுபடி அவரையே இறக்கினார்கள். கோட்டுக்கு ஒரு யார்டு முன்னால் நின்ற பந்தைத் தானே மார்போடு அணைத்துக்கொண்டு இரண்டு தடவை உள்ளே புகுந்தார். கடைசி விநாடிகளில் டேவ் கட்லர் உதைத்த பந்து கம்பங்களுக்கு நடுவே போனது. 26-23. வெளியே உட்காரவைத்த பிறகு மறுபடி கூப்பிட்டார்களே, அதுதான் அன்றைய பெரிய விஷயம் என்பார் பெரியவர். எனக்கும் அப்படித்தான் தோன்றுகிறது. ஒரு மோசமான பாதியை வைத்து ஒருவரை முடிவுகட்டிவிடாத ஊர் அவருக்கு அமைந்தது.

1982இல் ஒரே பருவத்தில் 5,000 யார்டுக்குமேல் எறிந்தார், அதாவது அவர் எறிந்து தன் ஆட்கள் பிடித்த பந்துகளால் அணி அவ்வளவு தூரம் முன்னேறியது. தொழில்முறை ஆட்டத்தில் அதற்குமுன் யாரும் எறிந்ததில்லை. அடுத்த வருடம் 5,648. யாரும் பெயர் சொல்லாமல் விட்டவரை இப்போது என்எஃப்எல் அணிகள் போட்டிபோட்டுக்கொண்டு கேட்டன. 1984இல் ஹூஸ்டன் ஆயிலர்ஸ் அணிக்குப் போனார். அங்கே பயிற்சியாளராக இருந்தவர் அதே ஹியூ கேம்ப்பெல்.

ஹூஸ்டனில் தொடக்கம் கசப்பு. முதல் வருடம் 16 ஆட்டத்தில் 3 வெற்றி, அடுத்த வருடம் 5. கேம்ப்பெல்லுக்கு வேலை போனது. மனைவியும் பிள்ளைகளும் உட்கார்ந்திருக்கும் வரிசைக்குக் கேட்கும்படி நிறத்தைச் சொல்லித் திட்டினார்கள் என்று மூன் பின்னாளில் பேசியிருக்கிறார். சரியாக ஆடாத வெள்ளைக்காரக் குவார்ட்டர்பேக்கையும் திட்டத்தான் செய்வார்கள், ஆனால் அவன் ஆட்டத்தைத் திட்டுவார்கள். இவருக்கு ஒவ்வொரு தவறுக்கும் இரண்டு கணக்கு எழுதப்பட்டது, ஒன்று அவர் பேரில், இன்னொன்று அவருடைய இனத்தின் பேரில்.

1987 முதல் 1993 வரை ஏழு வருடமும் ஹூஸ்டன் பிளேஆஃப் என்கிற, தோற்றால் வெளியேற வேண்டிய சுற்றுக்குப் போனது. நான்கு ரிசீவர்களை ஒரே சமயத்தில் ஓடவிட்டு, எதிரணியின் அசைவைப் பார்த்து அவர்கள் பாதையை ஓட்டத்திலேயே மாற்றிக்கொள்ளும் ஆட்டமுறை ஒன்றை அங்கே ஆடினார்கள். எறிபவரும் ஓடுபவரும் ஒரே விஷயத்தை ஒரே நொடியில் யோசிக்க வேண்டும். யோசிக்கிற வேலைக்கு லாயக்கில்லை என்று சொன்னவர்கள் அந்த வருடங்களின் பதிவுகளைப் பார்க்கட்டும். 1990 டிசம்பர் 16, கன்சாஸ் சிட்டியில் குளிரும் ஈரமுமான ஒரு நாளில் 527 யார்டு எறிந்தார். ஒரு பந்துகூட எதிரணி கைக்குப் போகவில்லை. இன்னும் 28 யார்டு எறிந்திருந்தால் 1951இலிருந்து நிற்கிற சாதனை முறிந்திருக்கும். அந்தப் பருவத்தில் 4,689 யார்டு, அடுத்ததில் 4,690.

பிறகு பஃபலோ. 1993 ஜனவரி 3.

இந்த ஆட்டத்தின் பதிவை நான் ஒரே இருப்பில் முழுதாகப் பார்த்தது ஒரு முறைதான். முதல் பாதியில் மூன் எறிவதைப் பார்ப்பவர்களுக்குக் கண் நிறையும். நான்கு டச்டவுன். பஃபலோ ஆட்கள் எங்கே நின்றாலும் பந்து அவர்கள் விரலுக்கு அரையடி தள்ளிப் போகிறது. இடைவேளையில் 28-3. மறுபாதி தொடங்கியதும் ஹூஸ்டன் தற்காப்பு வீரர் ஒருவர் பந்தைப் பறித்து ஓடி 35-3 ஆக்கினார். ரசிகர்கள் எழுந்து வாகனங்களை நோக்கி நடந்தார்கள். பஃபலோவின் முதன்மைக் குவார்ட்டர்பேக் ஜிம் கெல்லிக்குக் காயம், இறங்கியிருந்தவர் மாற்று ஆட்டக்காரர் ஃபிராங்க் ரைக். அவர் அடுத்தடுத்து எறிய, ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு என்று ஏறி, கடைசியில் 38-35 என்று பஃபலோ முந்தியது. வெளியே போனவர்கள் திரும்பி ஓடிவந்தார்கள். அந்த இரைச்சலுக்கு நடுவே மூன் பந்தை நகர்த்திக்கொண்டே போய், 12 விநாடி மிச்சமிருக்கையில் ஸ்கோரைச் சமன் செய்ய வழிசெய்தார். கூடுதல் நேரத்தின் முதல் பந்துவாய்ப்பும் ஹூஸ்டனுக்கே வந்தது. மூன்றாவது முயற்சியில் மூன் எறிந்த பந்தை நேட் ஓடம்ஸ் பறித்துக்கொண்டார். கொஞ்ச நேரத்தில் பஃபலோ உதைத்து வென்றது, 41-38.

32 புள்ளி முன்னிலையை இழந்தது அன்றுவரை என்எஃப்எல்லில் நடக்காதது. 2022 வரை அது சாதனையாக நின்றது. ஒரு பாதியில் 35 புள்ளிகளை விட்டுக்கொடுத்தது தற்காப்பு. மூனின் 50 எறிதலில் 36 தன் ஆட்கள் கைக்குச் சேர்ந்திருக்கிறது, நான்கு டச்டவுன், 371 யார்டு. அந்தத் தோல்வியை மூன் தலையில் கட்டுவது நியாயமில்லை. ஆனாலும் கடைசிப் பந்து அவர் கையிலிருந்து போனது, அதை மறைக்க எனக்கு மனமில்லை. என்எஃப்எல்லில் பிளேஆஃப் ஆட்டங்களில் அவர் வென்றது மூன்று, தோற்றது ஏழு. லீகின் இறுதியாட்டமான சூப்பர் பவுல் ஒரு முறைகூட ஆடவில்லை. மான்ட்ரியலில் 20 புள்ளி பின்னாலிருந்து எழுந்து வந்தவரே இங்கே மறுபக்கம் நிற்க நேர்ந்தது.

அதன்பின் மின்னசோட்டா, சியாட்டில், கன்சாஸ் சிட்டி. 1995இல் வீட்டில் மனைவியோடு நடந்த சண்டையை ஒட்டி அவர் மீது வழக்கு வந்தது. பொதுவில் வருத்தம் தெரிவித்தார். 1996இல் ஜூரி அவரைக் குற்றமற்றவர் என்றது. அவரைப் பற்றி எழுதும்போது இதை விட்டுவிட்டு எழுதுவது சரியாகாது. 1997இல், 40 வயதில், ஓக்லாந்துக்கு எதிராக ஒரே ஆட்டத்தில் 409 யார்டும் 5 டச்டவுனும் எறிந்தார். 44 வயதில் ஓய்வு. என்எஃப்எல்லில் 49,325 யார்டு, கனடாவில் 21,228. இந்த இரண்டாவது எண்ணை அமெரிக்கப் பதிவேடுகள் தங்கள் கணக்கில் சேர்ப்பதில்லை. எங்கள் ஊர்க்காரர்கள் சேர்த்துத்தான் சொல்வார்கள்.

2006 ஆகஸ்ட்டில் ஒஹாயோவின் கேன்டன் நகரில் தொழில்முறைக் கால்பந்து ஹால் ஆஃப் ஃபேம் என்ற புகழ்மண்டபத்தில் அவரைச் சேர்த்தார்கள். அங்கே இடம்பெற்ற முதல் கறுப்பினக் குவார்ட்டர்பேக். தன்னை வெறும் குவார்ட்டர்பேக்காகவே எடைபோட வேண்டும் என்றுதான் எப்போதும் விரும்பியதாகவும், முதலாமவர் என்ற பேச்சு தனக்குச் சில சமயம் சங்கடமாக இருப்பதாகவும், என்றாலும் அதற்கு ஓர் அர்த்தம் இருப்பதை மறுக்க முடியாது என்றும் அன்று பேசினார். அதே வருடம் அவருடைய ஒன்றாம் எண்ணை அணி ஓய்வுக்கு அனுப்பியது. இனி யாரும் அந்த எண் சட்டையைப் போட மாட்டார்கள் என்று பொருள். ஆயிலர்ஸ் அதற்குள் ஹூஸ்டனை விட்டு டென்னசிக்குப் போய் டைட்டன்ஸ் என்று பெயர் மாறியிருந்தது.

2023 பிப்ரவரியில் சூப்பர் பவுல் ஆட்டத்தில் முதல் முறையாக இரு பக்கமும் கறுப்பினக் குவார்ட்டர்பேக்குகள் தொடங்கினார்கள், பேட்ரிக் மஹோம்ஸும் ஜேலன் ஹர்ட்ஸும். ஆட்டத்தைப் பெரியவர் வீட்டில் உட்கார்ந்து பார்த்தோம். வேலையிலிருந்து ஓய்வுபெற்று, முழங்கால் அறுவை முடிந்து, நாற்காலியை விட்டு அதிகம் எழாதவராகிவிட்டார். தேசியகீதம் முடிந்து பந்தை உதைக்கிற வரைக்கும் அவர் ஒன்றும் பேசவில்லை.

2025 ஏப்ரலில் டிராஃப்ட்டின் முதல் தேர்வாக டென்னசி எடுத்தது கேம் வார்டு என்ற இளைஞரை. ஹூஸ்டனுக்குத் தெற்கே வெஸ்ட் கொலம்பியா என்ற சிற்றூர்க்காரர், கறுப்பினத்தவர், குவார்ட்டர்பேக். கல்லூரியில் அவர் போட்டிருந்ததும் ஒன்றாம் எண். அதைத் தொடர்ந்து போடலாமா என்று மூனிடம் கேட்டார்கள். மூன் சரி என்றார். 19 வருடமாக யாரும் போடாத சட்டை வெளியே வந்தது.

செப்டம்பரில் வார்டின் முதல் ஆட்டம் டென்வரில், மார்லின் பிரிஸ்கோவுக்கு அடுத்த வருடம் இடம் இல்லாமல் போன அதே ஊரில். டென்னசி 20-12 என்று தோற்றது. முடிந்ததும் பெரியவருக்குப் போன் செய்தேன். அன்று அவருக்குக் கண் சரியில்லை, ஆட்டம் பார்க்கவில்லையாம்.

"பையன் எறிவது எப்படி?" என்றார்.

"பந்து ஆடாமல் போகிறது" என்றேன்.